ஆடிக்காட்டாமல் சொல்லித்தர முடியுமா?

தென்னாப்பிரிக்காவில் டர்பன் பக்கத்து ஃபீனிக்ஸிலிருந்து ஒரு தங்கை கேட்டிருக்கிறார். வயது 37. ஏழு வயதில் பரதம் தொடங்கியவர். நடுவில் தமிழ் நாடகம், ஆங்கில நாடகம், ஒன்றிரண்டு விளம்பரம் என்று நடிப்பும் உண்டு. இரண்டு வருடமாக வலது முட்டி தகராறு செய்கிறதாம். "மேடையை விட்டுவிட்டுச் சொல்லித்தரப் போகலாம் என்று பார்க்கிறேன். என்ன படிக்க வேண்டும், எங்கே தொடங்க வேண்டும்? அரைமண்டியே ஒழுங்காக உட்கார முடியாத நான் பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்லித்தருவேன்?" என்பது கேள்வி. (அரைமண்டி என்பது முட்டிகளை மடித்துப் பக்கவாட்டில் விரித்துத் தாழ நிற்கும் பரத நிலை.)

கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். உங்கள் பயம் அங்கேதான் இருக்கிறது. எனக்கும் அங்கேதான் இருந்தது.

நானும் டர்பன் பக்கம்தான், சாட்ஸ்வொர்த். 20 வருடம் ஆடினேன், நடித்தேன். அப்புறம் 22 வருடமாகச் சொல்லித்தருகிறேன். முதல் வருடம் என்னிடம் எட்டுப் பிள்ளைகள். வீட்டு கராஜில் வகுப்பு. கார் வெளியே வெயிலில் நிற்கும், நாங்கள் உள்ளே. நான் முன்னால் நின்று ஆடுவேன், அவர்கள் பின்னால் நின்று பார்த்து ஆடுவார்கள். நான் கற்றதும் அப்படித்தான், வேறு வழி இருப்பதாகவே தெரியாது. எனக்கும் வலது முட்டிதான் கெட்டிருந்தது. அதனால் அரைமண்டியில் பாரத்தை இடது காலுக்குக் கொஞ்சம் தள்ளிக்கொள்வேன். பார்ப்பவருக்குத் தெரியாது என்று ஒரு நம்பிக்கை.

ஆறு மாதம் கழித்துக் கோவிலில் நிகழ்ச்சி. ஒரு பிள்ளையின் அப்பா வீடியோ எடுத்துக் கொடுத்தார். போட்டுப் பார்த்தால் எட்டுப் பேரும் இடப்பக்கம் சாய்ந்து நிற்கிறார்கள், காற்றடித்த கரும்பு மாதிரி. முதலில் கேமராவைத்தான் சந்தேகப்பட்டேன். பின்னால் கோவில் தூண் நேராக நின்றது. அப்போதுதான் வயிற்றில் ஏதோ பிசைந்தது. அந்தப் பிள்ளைகள் ஒருவருக்கும் முட்டியில் ஒரு குறையும் இல்லை. என் நொண்டலை அவர்கள் அடவோடு, அதாவது அடிப்படை அசைவோடு, சேர்த்துப் பாடம் பண்ணியிருந்தார்கள்.

அடுத்த சனிக்கிழமை ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தேன். சொன்னால் சுலபம். "தெய்யா தெய்" என்று வாய் சொன்னால் கால் தானாக எழும். 20 வருடப் பழக்கம் அது. எழக்கூடாது என்பதற்காகவே தட்டுமனையை (தாளம் தட்டும் கட்டையை) மடியில் வைத்துக்கொண்டு தட்டினேன். அன்றுதான் ஒவ்வொன்றாகக் கண்ணில் பட்டது. ஒரு பெண் குதிகாலைத் தரையில் வைப்பதே இல்லை. ஒரு பையன் இரண்டாம் காலம் (இரண்டாம் வேகம்) முழுக்க மூச்சை அடக்கிக்கொண்டே ஆடுகிறான், அதனால்தான் மூன்றாம் காலத்தில் விழுகிறான். இன்னொருத்திக்கு இடது காலில் மட்டும் தாளம் பிந்துகிறது. ஏனென்று பார்த்தால், இடது பக்கம் நிற்பவளைப் பார்த்து ஆடுகிறாள். முன்னால் நின்று வியர்க்க வியர்க்க ஆடிய ஆறு மாதத்தில் இதில் ஒன்றையும் நான் பார்த்ததில்லை. எப்படிப் பார்ப்பது, முதுகிலா கண் இருக்கிறது?

ஆக உங்கள் கேள்விக்கு என் பதில்: ஆட முடியாதவர் தாராளமாகச் சொல்லித்தரலாம். ஆடிக்காட்டுவதை நிறுத்த முடியாதவருக்குத்தான் சிரமம். உங்கள் முட்டி அந்த விஷயத்தில் உங்களுக்கு உதவியே செய்திருக்கிறது. இப்படிச் சொல்வது கொஞ்சம் கொடுமைதான், மன்னியுங்கள்.

இது நான் கண்டுபிடித்ததும் இல்லை. பழைய நடன ஆசான்களான நட்டுவனார்கள் உட்கார்ந்துதான் சொல்லித்தந்தார்கள். கையில் தட்டுக்கழி, எதிரே தட்டுமனை, வாயில் அந்த "தெய்யா தெய்" மாதிரிச் சொற்கட்டு. 1930-களில் ருக்மிணி தேவிக்குச் சொல்லித்தந்த பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளை, சலங்கை கட்டி மேடையேறிப் பெயர் வாங்கியவர் இல்லை. சதிர் (பரதத்தின் பழைய பெயர்) மேடையில் ஆடியவர்கள் பெண்கள். அவர்களை ஆட்டுவித்தவர்கள் பெரும்பாலும் ஆடாத ஆண்கள். ஆடுபவரே நட்டுவாங்கமும் (தாளம் தட்டிச் சொற்கட்டுச் சொல்லி ஆட்டத்தை நடத்துவது) செய்வது பின்னால் வந்த பழக்கம். அதில் முன்னோடி என்று கே. ஜே. சரசாவைச் சொல்ல வேண்டும். வழுவூர் ராமையா பிள்ளையின் மாணவி. ஆண்களின் இடமாக இருந்த நட்டுவனார் இடத்தில் உட்கார்ந்து, ஜெயலலிதா உட்பட எத்தனையோ பேரை ஆட்டுவித்தவர்.

சினிமாவிலும் ஆடி நடித்துவிட்டு வகுப்பறைக்குப் போனவர்கள் உண்டு. குழந்தை நட்சத்திரமாக வந்து தமிழ்நாட்டையே பரதம் பக்கம் திருப்பிய குமாரி கமலா 1980-இல் நியூயார்க் போய் அங்கேயே பள்ளி நடத்தினார். திருவாங்கூர் சகோதரிகளில் நடுவர் பத்மினி, அத்தனை படம் நடித்தபின் நியூ ஜெர்சியில் 1977-இல் நடனப் பள்ளி தொடங்கினார். நம் ஊரில் இதைச் சொன்னால், "ஐயோ, அவ்வளவு பெரிய ஸ்டார் கடைசியில் டீச்சரா?" என்று பரிதாபப்படுவார்கள். அந்தப் பரிதாபத்தை உங்களிடமும் காட்டுவார்கள், இப்போதே தயாராக இருங்கள். என் மாமியார் பத்து வருடம் காட்டினார்.

நாடகத்தில் இதற்கு இன்னும் பழைய உதாரணம் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922). எமன், சனீஸ்வரன் என்று பயமுறுத்தும் வேஷம் போட்டவர். ஒருநாள் விடியற்காலை வேஷத்தோடு அவரைக் கண்ட ஒரு கர்ப்பிணி அதிர்ச்சியில் இறந்துபோனாள், அதிலிருந்து அவர் வேஷம் கட்டவில்லை என்று சொல்வார்கள். கதையில் எவ்வளவு உண்மையோ, நடிப்பை விட்டவர் நாடகம் எழுதி, பையன்களைச் சேர்த்து வாத்தியாராகி, டி.கே.எஸ். சகோதரர்கள் மாதிரி ஒரு தலைமுறையையே உருவாக்கினார் என்பது உண்மை. இன்றும் தமிழ் நாடக மேடைக்கு அவர்தான் தலைமை ஆசிரியர்.

வாத்தியார் என்ற அந்தச் சொல்லைக் கவனியுங்கள். ரீயூனியன் தீவில் நம்மைப் போலவே கரும்புத் தோட்டத்துக்குப் போன தமிழர்கள் ஆடும் இரவு நாடகத்தை நடத்துபவரை 'வார்த்தியால்' என்கிறார்கள். வாத்தியார்தான் அங்கே அப்படி ஆகியிருக்கிறார். டர்பன் இருக்கும் நம் நட்டாலில் தெருக்கூத்துக்கு 'ஸிக்ஸ் ஃபுட் டான்ஸ்' என்று எப்படியோ ஒரு பெயர் வந்து ஒட்டிக்கொண்டது. என் தாத்தா மவுண்ட் எட்ஜ்கூம் பக்கம் அதில் திரௌபதி வேஷம் கட்டியவர். குரல் உடைந்து, இடுப்பு போனபின் பாட்டு வாத்தியாரானார். நான் சிறுமியாக இருந்தபோது பார்த்தது அந்தத் தாத்தாவைத்தான். ஆடுபவருக்குப் பின்னால் ஒரு பெஞ்சில் உட்கார்ந்து, கையில் ஜால்ராவோடு, வரி மறந்த ஆளுக்கு முதல் இரண்டு சொல்லை மட்டும் எடுத்துக் கொடுப்பார். மூன்றாவது சொல்லைக் கொடுக்கவே மாட்டார். "முழுசாக் கொடுத்தா அவன் என் பாட்டைப் பாடுவான், ரெண்டு சொல்லு கொடுத்தா அவன் பாட்டைப் பாடுவான்" என்பார். அப்போது எனக்கு அது கிழவரின் கஞ்சத்தனமாகத்தான் பட்டது.

சரி, நடைமுறைக்கு வருவோம்.

ஆசிரியர், நட்டுவனார், நடனம் அமைப்பவர், பயிற்சியாளர் என்று நாலு வேலை இருக்கிறது. நம் ஊரில் ஒரே ஆள் நாலையும் செய்கிறார், ஆனாலும் அவை வேறு வேறு. உங்களுக்கு எது வரும் என்று ஆரம்பத்திலேயே முடிவு செய்ய வேண்டாம். ஒரு வருடம் வேறொருவர் வகுப்பில் உதவியாக இருங்கள், சம்பளம் குறைவாக இருந்தாலும் பரவாயில்லை. முக்கியமாக அடவு வகுப்பில் இருங்கள். வர்ணம் மாதிரிப் பெரிய உருப்படி சொல்லித்தருவது எல்லோருக்கும் பிடிக்கும். முதல் பாடமான தட்டடவை நாற்பதாவது தடவை பார்க்கும்போதும் உங்களுக்குப் புதிதாக ஏதாவது தெரிந்தால், நீங்கள் இந்த வேலைக்கு ஆன ஆள்.

படிப்பு என்று கேட்டீர்கள். நடன வகுப்பு வைக்க யாரும் உங்களிடம் பட்டம் கேட்கப் போவதில்லை. அதனாலேயே வகுப்புகள் பெருகிக் கிடக்கின்றன. நடிப்புப் பயிற்சிப் பக்கம் போக விரும்பினால் க்வாசுலு-நட்டால் பல்கலைக்கழகத்திலும் டர்பன் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்திலும் நாடகத் துறைகள் இருக்கின்றன. அதைவிட முதலில் உங்களுக்கு வேண்டியது உடம்பைப் பற்றிய படிப்பு. இதில் கொஞ்சம் நின்று சொல்கிறேன், ஏனென்றால் உங்கள் முட்டி கெட்டதும் என் முட்டி கெட்டதும் இதைத் தெரியாத ஆசிரியர்களால்தான்.

அரைமண்டியில் கால் பக்கவாட்டில் திரும்ப வேண்டும் அல்லவா? அந்தத் திருப்பம் இடுப்பு மூட்டிலிருந்து வர வேண்டும். இடுப்பு எவ்வளவு திரும்புகிறதோ அவ்வளவுதான் பாதமும் திரும்பலாம். எலும்பும் குழியும் ஆளுக்கு ஆள் வேறு, எல்லோருக்கும் ஒரே அளவு திரும்பாது. பிள்ளை என்ன செய்கிறது? பாதத்தை மட்டும் நன்றாக விரித்து வைத்துக்கொண்டு உட்காருகிறது. முன்னாலிருந்து பார்க்க அழகான அரைமண்டி. ஆனால் பாதம் ஒரு பக்கம், தொடை ஒரு பக்கம், நடுவில் முட்டி முறுக்கிப் பிழிந்த துணி மாதிரி. அந்த நிலையில் ஒரு நாளைக்கு ஆயிரம் தட்டு. தரையோ சிமெண்ட், மேலே டைல்ஸ். பதினைந்து வருடத்தில் முட்டி கையை விரிக்காமல் என்ன செய்யும்?

என் முதல் ஆசிரியர் (பெயர் வேண்டாம்) "இன்னும் உட்கார், இன்னும் உட்கார்" என்று சொல்லித் தட்டுக்கழியால் கெண்டைக்காலில் ஒன்று வைப்பார். நானும் பயந்து பாதத்தை விரித்தேன். இன்று நான் பிள்ளையை நிறுத்தி, மேலிருந்து கீழே பார்க்கச் சொல்கிறேன்: முட்டி, காலின் இரண்டாவது விரலுக்கு நேராக இருக்கிறதா? இல்லையென்றால் பாதத்தைக் கொஞ்சம் மூடு. அரைமண்டி உயரமாகிவிடும், பரவாயில்லை. பெற்றோர் வந்து "என்ன ஆன்ட்டி, பக்கத்து வகுப்புப் பிள்ளை எவ்வளவு கீழே உட்காருது" என்பார்கள். பல்லைக் கடித்துக்கொண்டு இருக்க வேண்டியதுதான். கராஜ் தரைக்கு ரப்பர் விரித்து மேலே பிளைவுட் பலகை போட்டேன், அந்த வருடம் என் பெரிய செலவு அதுதான். நம் நாட்டில் பயோகினெடிசிஸ்ட் என்று ஒரு தொழிலே இருக்கிறது, உடற்பயிற்சியால் மூட்டைத் தேற்றுபவர்கள். உங்கள் முட்டிக்காக ஒருவரிடம் போங்கள். போகும்போது நோயாளியாக மட்டும் போகாமல் மாணவியாகவும் போங்கள். நான் அங்கே கேட்டுக் கற்றது எந்த நாட்டியப் புத்தகத்திலும் கிடைக்கவில்லை.

நடிப்புப் பக்கமும் இதே கதைதான். நடித்தவர் இயக்கப் போனால் முதலில் செய்வது வசனத்தைச் சொல்லிக்காட்டுவது. "இப்படிச் சொல்லு கண்ணா." அவனும் சொல்வான், உங்கள் குரலில். மேடையில் ஆறு பேர் உங்கள் குரலில் பேசிக்கொண்டிருப்பார்கள். பார்க்க வந்தவர்களுக்கு அது பொம்மலாட்டம் மாதிரி இருக்கும்.

நம் டர்பனில் இதற்கு மேல் ஒரு சிக்கல் உண்டு, அது உங்களுக்கே தெரியும். நம் பிள்ளைகள் பலருக்கும் தமிழ், கோவிலிலும் சனி ஞாயிறு வகுப்பிலும் கேட்கும் மொழி. வசனத்தையும் பாட்டையும் ஆங்கில எழுத்தில் எழுதித்தான் பாடம் பண்ணுகிறார்கள். ஒரு வருடம் ஒரு பையன், பதினாறு வயது, காட்டில் தொலைந்துபோன இளவரசனாக நடித்தான். அவன் வசனம், "எனக்கு வழி தெரியவில்லை." ஒத்திகையில் அந்த வரி வரும்போதெல்லாம் முகத்தில் ஒரு நிம்மதி, தோளை வேறு தளர்த்திவிடுவான். நான் கலங்கு, கலங்கு என்கிறேன், அவன் சாந்தமாகிறான். நாலு ஒத்திகை போனது. கடைசியில் தாளை வாங்கிப் பார்த்தேன். ஆங்கில எழுத்தில் வழியும் வலியும் ஒன்றுதான். பையன் பொறுப்பானவன், வீட்டில் ஆயாவிடம் (பாட்டியிடம்) போய் 'வலி' என்றால் என்ன என்று கேட்டிருக்கிறான். 'பெயின்' என்று சொல்லியிருக்கிறார்கள். ஆக, வலி தெரியவில்லை. வலி இல்லாதவன் ஏன் கலங்குவான்? அவன் நடிப்பு நூற்றுக்கு நூறு சரி. வசனம்தான் வேறு.

அப்போதும் நான் சொல்லிக்காட்டவில்லை. கராஜ் விளக்கை அணைத்து, அவன் கண்ணைக் கட்டி, மூன்று சுற்றுச் சுற்றிவிட்டு, "கதவைக் கண்டுபிடி" என்றேன். இரண்டு தடவை சுவரில் முட்டிக்கொண்டான். "இப்போ வரியைச் சொல்லு." சொன்னான். மற்ற பிள்ளைகள் சிரிப்பதை நிறுத்திவிட்டார்கள்.

அப்புறம் நாக்கு. ல சொல்லும்போது நாக்கு நுனி மேல்பல்லின் அடியைத் தொடும். ள-வுக்கு நாக்கு பின்னால் மடங்கி அண்ணத்தைத் தொடும். ழ-வுக்கு அதே மாதிரி மடங்கும், ஆனால் எதையும் தொடாது. "தொடப் போ, தொடாதே" என்றால் ஐந்து வயதுப் பிள்ளைக்கும் புரிகிறது. கைக்கண்ணாடி ஒன்று கொடுத்துவிடுங்கள், பிள்ளைகள் குஷியாகச் செய்வார்கள். ஒன்று மட்டும், நம் தாத்தா ஆயா பேசிய தமிழைத் தப்பு என்று சொல்லித் திருத்தாதீர்கள். வட ஆற்காட்டிலிருந்தும் செங்கல்பட்டுப் பக்கமிருந்தும் 1860-க்கு அப்புறம் கப்பலேறியவர்கள் கொண்டுவந்த பேச்சு அது. தோட்டத்து நாடகம் என்றால் அந்தத் தமிழ்தான் சரியான தமிழ். இளவரசனுக்கு வழி, தோட்டத்துக் கிழவிக்கு வளி, இரண்டையும் சொல்லத் தெரிந்தவன்தான் நடிகன்.

அபிநயத்தில் ஆடிக்காட்டாமல் இருப்பது இன்னும் கடினம். ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்கிறேன். நன்றாக ஆடுவாள், தாளம் கடிகாரம் மாதிரி. நந்தனார் சிதம்பரத்தில் வாசலுக்கு வெளியே நின்று, உள்ளே வரலாமா என்று கேட்கும் பதம் (அபிநயத்துக்கான பாட்டு) எடுத்தோம். முகத்தில் ஒன்றும் வரவில்லை. புருவத்தைச் சுருக்கினாள், கண்ணில் நீர் கூட வரவழைத்தாள், எல்லாம் சினிமா. எனக்குக் கை பரபரத்தது. அது நான் இருநூறு தடவையாவது ஆடிய பதம், எழுந்து ஒருமுறை காட்டினால் போதும் என்று தோன்றியது. நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பிறகு, "உன் ஆயாவிடம் போய் டர்பன் கடற்கரையைப் பற்றிக் கேள்" என்று மட்டும் சொல்லி அனுப்பினேன்.

உங்களுக்கு 37 வயது என்றால் அங்கே நின்ற 'வெள்ளையருக்கு மட்டும்' பலகைகளை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். 1953-இல் தனி வசதிகள் சட்டம் வந்தபின் கடற்கரையும் நிறம் பார்த்துப் பிரிந்தது. அந்தப் பெண்ணின் ஆயா, கேட்டோ மேனரிலிருந்து வீட்டை விட்டு சாட்ஸ்வொர்த்துக்கு ஏற்றி அனுப்பப்பட்ட குடும்பம். அடுத்த வாரம் பெண் வந்தாள். என்ன கேட்டாள், ஆயா என்ன சொன்னார் என்று நான் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. பதம் எடுத்தோம். அவள் அழவில்லை. ஒரு கை லேசாக முன்னால் போய், பாதியில் நின்று, அந்தக் கை தன்னுடையதுதானா என்பது போல அதைப் பார்த்துவிட்டுக் கீழே இறக்கினாள். அவ்வளவுதான். அந்த முத்திரை எந்த நூலிலும் இல்லை. இருநூறு தடவை ஆடிய எனக்கும் அது வந்ததில்லை. நான் எழுந்து காட்டியிருந்தால் அவளுக்கு என்னுடையதுதான் கிடைத்திருக்கும்.

நம் நாட்டில் இந்தக் கலை வந்த வரலாற்றையும் இங்கே ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். நிறவெறியை எதிர்த்து இந்தியா 1946-இல் வணிக உறவை வெட்டியது, தூதரக உறவு திரும்பியது 1993-இல். இடையில் அங்கிருந்து குருமார் வந்து தங்கிச் சொல்லித்தருவதெல்லாம் கனவு. பாடுபட்டு அங்கே போய்க் கற்று வந்த சிலர், வந்த கையோடு ஆடவும் வேண்டும், சொல்லித்தரவும் வேண்டும். எங்கள் தலைமுறைக்கு அவர்கள் ஆடியதே பாடப்புத்தகம். பார்த்துப் பார்த்துப் பிடித்தோம். அதனால்தான் ஆடிக்காட்டுவது நம் ரத்தத்தில் ஊறிவிட்டது என்பது என் எண்ணம். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. அவர்கள் இல்லாவிட்டால் நான் இல்லை. ஆனால் இன்று பார்த்துப் பிடிக்க யூடியூப் இருக்கிறது. அதற்கு ஏன் உங்களுக்கு மாதக் கட்டணம் தர வேண்டும்?

கட்டணம் என்றதும் ஞாபகம் வருகிறது. முதல் நாளே சொல்லிவிடுங்கள், தாளில் எழுதிக் கொடுங்கள். "கோவில் பிள்ளைகள்தானே ஆன்ட்டி, சேவையாகச் செய்யுங்களேன்" என்று வருவார்கள். இரண்டு பிள்ளைகளுக்கு இலவசமாகச் சொல்லித்தரலாம், யாருக்கு என்று நீங்கள் முடிவு செய்யுங்கள். எல்லோருக்கும் பாதி இலவசம் என்று இழுத்தால், இரண்டு வருடத்தில் எரிச்சல்தான் மிஞ்சும். அந்த எரிச்சல் பிள்ளைகள் மேல் விழும்.

பிள்ளைகளோடு வேலை செய்வதற்குச் சட்டம் உண்டு, அதில் சோம்பல் வேண்டாம். 2005-ஆம் ஆண்டு சிறார் சட்டப்படி தேசிய சிறார் பாதுகாப்புப் பதிவேடு ஒன்று இருக்கிறது, பாலியல் குற்றவாளிகளுக்குத் தனிப் பதிவேடு இருக்கிறது. இரண்டிலும் உங்கள் பெயர் இல்லை என்ற சான்றை நீங்களே வாங்கி, கேட்கும் முன்பே பெற்றோரிடம் காட்டுங்கள். உதவிக்கு வரும் மிருதங்கக்காரரிடமும் கேளுங்கள், கோபித்தாலும் கேளுங்கள். பிள்ளையின் தோளைத் தொட்டுத் திருத்த வேண்டுமென்றால், "தொடலாமா?" என்று கேட்டுவிட்டுத் தொடுங்கள். பிள்ளைகளின் வீடியோவைப் பெற்றோர் சம்மதம் இல்லாமல் ஃபேஸ்புக்கில் போடாதீர்கள்.

ஐஸ்டெட்ஃபொட் என்ற கலைப் போட்டிக்குத் தயார் செய்யச் சொல்லி நிறைய பேர் வருவார்கள். புதியவருக்கு அது நல்ல வருமானம், நல்ல பெயரும்கூட. எடுங்கள். ஆனால் வருடம் முழுக்க ஐந்து நிமிட உருப்படிகளையே மாற்றி மாற்றிச் சொல்லித்தந்தால் பிள்ளைக்குப் பரிசு வரும், நாட்டியம் வராது. "எப்போ அரங்கேற்றம்?" என்ற கேள்விக்கு நான் வைத்திருக்கும் பதில், "உங்கள் பிள்ளை தானாக ஒரு ஜதியை (சொற்கட்டுத் தொடரை)த் தாளம் போட்டுச் சொல்லும்போது பேசலாம்." பாதிப்பேர் அதோடு கேட்பதை விட்டுவிடுகிறார்கள்.

லோட் ஷெடிங் (மின்வெட்டு) நாட்களில் மற்ற வகுப்புகள் ஸ்பீக்கர் இல்லாமல் தவித்தபோது எங்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. வாட்டில் மரத்தில் என் அண்ணன் கடைந்து கொடுத்த ஒரு தட்டுக்கழி, ஒரு கட்டை, என் குரல். நட்டுவாங்கம் கற்றுக்கொள்ளுங்கள், தங்கச்சி. ஆடிய காலத்தில் நாம் அதைக் காதால்தான் கேட்டோம், கையால் செய்து பார்த்ததில்லை. கையில் வர இரண்டு வருடம் ஆகும்.

இனி நீங்கள் கேட்காத ஒன்று. முதல் தடவை உங்கள் மாணவி மேடையில் இருக்க, நீங்கள் ஓரத்தில் தட்டுமனையோடு உட்கார்ந்திருப்பீர்கள். உங்களுடைய வர்ணம், உங்களுடைய விளக்கு, வேறொருத்தியின் சலங்கை. பெருமையாக இருக்கும் என்று எல்லோரும் சொல்வார்கள். எனக்குப் பொறாமையாக இருந்தது. அப்பட்டமான பொறாமை. வீட்டுக்கு வந்து யாரிடமும் பேசாமல் மிச்சமிருந்த பீன்ஸ் கறியை அடுப்பங்கரையில் நின்றபடியே சாப்பிட்டது ஞாபகம் இருக்கிறது. அது மூன்று நாலு நிகழ்ச்சி வரை இருந்தது, அப்புறம் குறைந்தது. முழுக்கப் போகவில்லை. அதனால் மேடையை ஒரேயடியாக விட்டுவிடாதீர்கள் என்பேன். உட்கார்ந்தபடியே பதம் பிடிப்பது நம் பழைய சதிர்க்காரர்கள் செய்ததுதான், அதற்கு முட்டி தேவையில்லை. நாடகத்தில் அம்மா வேஷம், அத்தை வேஷம் உங்களுக்காகக் காத்திருக்கிறது. நான் வருடத்துக்கு ஒரு நாடகம் நடிக்கிறேன். அதில் இயக்குபவர் என்னிடம் வசனத்தைச் சொல்லிக்காட்டும்போது எனக்கு ஏறும் கோபம் இருக்கிறதே, அது என் வகுப்புக்கு ரொம்ப நல்லது.

முடிந்தால் ஒரு மாதம் என் கராஜுக்கு வந்து உட்காருங்கள். சலங்கை வேண்டாம், ஒரு நோட்டும் பேனாவும் போதும். சனிக்கிழமை இரண்டு மணிக்குச் சின்னப் பிள்ளைகள், நாலு மணிக்குப் பெரியவர்கள். புரட்டாசிச் சனிக்கிழமைகளில் வகுப்பு காலையிலேயே முடிந்துவிடும், எல்லோர் வீட்டிலும் படையல் இருக்கும். ஞாயிறு வகுப்பும் உண்டு, ஆனால் ஆடி மாதத்தில் வராதீர்கள். எல்லோரும் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றப் போயிருப்பார்கள், நானும்தான்.